யாரும் தொடாத நேரத்தில் கேமிங் பிசி வெப்கேம் விளக்கு எரிகிறது: எங்கிருந்து தேடுவது?

கோதையாறு:

எல்லாருக்கும் வணக்கம். வீடு குலசேகரம் பக்கம். எனக்க தம்பிக்கு ஒரு கேமிங் பிசி அசெம்பிள் பண்ணிக் கொடுத்திருக்கோம். மானிட்டர் மேல யூஎஸ்பி வெப்கேம், அவன் ஸ்ட்ரீம் பண்ணுகதுக்கு வாங்கினது. அதே பிசியிலதான் நானும் போட்டித் தேர்வு ஆன்லைன் கிளாஸ் பாக்கேன். பிசி இருக்கது நானும் அம்மாவும் படுக்கிற ரூம்ல. வீட்டுல வேற இடம் இல்ல.

அப்பா ரப்பர் பால்வெட்டுக்குப் போகணும்னு விடியதுக்கு ரொம்ப முன்னாடியே எழும்புவாவ. நேத்து அவங்கதான் என்னை எழுப்பி, "மக்ளே, அந்தச் சாமானத்துக்க மேல ஒரு வெளிச்சம் நிக்குதே"ன்னு கேட்டாவ. பாத்தா மானிட்டர் அணைஞ்சு கிடக்கு, சிபியு ஓடிட்டு இருக்கு (தம்பி கேம் டவுன்லோட் போட்டுட்டு உறங்கிட்டான்), வெப்கேம்ல நீல விளக்கு நல்லா எரியுது. நான் போய் மவுஸைத் தொட்டதும் டக்குனு அணைஞ்சிட்டு. அம்மாகிட்ட இன்னும் சொல்லல்ல. சொன்னா அவங்களுக்கு வெப்ராளம் வந்திரும்.

சாயங்காலம் பிசி ஆன் பண்ணும்போதும் செல நாள் அந்த விளக்கு ரெண்டு மூணு செகண்ட் எரிஞ்சு அணையும். அதை நான் இதுவரைக்கும் பெருசா எடுக்கல்ல. விண்டோஸ் 11. டிஃபெண்டர்ல குவிக் ஸ்கேன் போட்டேன், ஒண்ணும் இல்லேன்னு வந்தது. இப்ப கேமராவை ஒரு துணி போட்டு மூடி வச்சிருக்கேன். எங்கிருந்து ஆரம்பிக்கணும்னு சொல்லுங்க.

ஆரல்காற்று:

யோசிக்கவே வேண்டாம். முக்கியமான ஃபைலை பென்டிரைவ்ல எடுத்துட்டு ஃபார்மட் அடிங்க. ரெண்டு மணி நேர வேலை. வைரஸா இருந்தாலும் போகும், வேற என்னவா இருந்தாலும் போகும்.

வேளிமலை:

தங்கச்சி, இப்ப ஃபார்மட் பண்ணாத. நான் தக்கலையில சர்வீஸ் கடை வச்சிருக்கேன், இந்த மாதிரி கேஸ் வருகதுதான். வருகவங்க முக்காவாசிப் பேர் ஃபார்மட் பண்ணிட்டுதான் வருவாங்க. அப்ப அதுல எனக்குப் பாக்கதுக்கு ஒண்ணும் மிச்சம் இருக்காது. கேமராவைத் திறந்தது யாருன்னு தெரியாமலே போயிடும். அதே ஃபைலை மறுபடி டவுன்லோட் பண்ணுவாங்க, மறுபடி விளக்கு எரியும்.

முதல்ல துணியை எடுத்துட்டு வெப்கேமோட யூஎஸ்பி ஒயரைப் பிடுங்கிரு. லேப்டாப்பா இருந்தா ஸ்டிக்கர் ஒட்டச் சொல்லியிருப்பேன். உங்களுக்கு வெளிய மாட்டுற கேமரா, பிடுங்கினா முடிஞ்சது. இன்னொரு காரணமும் உண்டு. வெப்கேம்ல மைக் சேர்ந்தே வரும். விளக்கு கேமராவுக்கு மட்டும்தான், மைக் ஓடினா எந்த விளக்கும் எரியாது. துணி போட்டா பாக்கது நிக்கும், கேக்கது நிக்காது. தம்பிக்க ஹெட்செட்டையும் சேத்துப் பிடுங்கி வை.

கேமராவைப் பிடுங்கினாலும் ஏற்கெனவே விழுந்த பதிவு அழியாது. எந்த ப்ரோக்ராம் எப்ப கேமராவைத் திறந்துச்சுன்னு விண்டோஸ் தானே குறிச்சு வைக்கும். செட்டிங்ஸ் போய், பிரைவசி அண்ட் செக்யூரிட்டி, அதுக்குள்ள கேமரா. கீழே "ரீசன்ட் ஆக்டிவிட்டி"ன்னு ஒரு பட்டியல் வரும். கடைசி 7 நாள் கணக்கு அதுல இருக்கும். ஒண்ணையும் மாத்தாத. போன்ல ஃபோட்டோ எடுத்து வச்சுக்க. நேரத்தை விடாம எழுது.

முட்டம்_பாறை:

வேளிமலை அண்ணன் சொல்லுகது சரிதான். கூடவே ஹார்டுவேரையும் ஒரு கண்ணு பாருங்க. எங்க வீடு கடலுக்குப் பக்கம், உப்புக்காத்துல யூஎஸ்பி போர்ட் எல்லாம் பச்சை பூத்துப் போயிரும். தொடர்பு விட்டு விட்டு வந்தா, கேமரா கழண்டு திரும்ப மாட்டின மாதிரி விண்டோஸ் நினைக்கும். செல கேமராவுல அப்ப விளக்கு ஒரு நொடி மின்னும். ஆடிச் சாரல் நேரத்துல கரண்ட் போய் வரும்போதும் அப்படித்தான். எங்க வீட்டுல கேமரா மின்னுனது ஒரு பழைய யூஎஸ்பி ஹப்பாலதான். ஹப்பை எடுத்துட்டு நேரா மதர்போர்டு போர்ட்ல குத்தினதும் நின்னுட்டு.

வேளிமலை:

முட்டம்காரர் சொன்னது உள்ளதுதான், ஆனா அது விளக்கு ஒரு நொடி மின்னி அணையதுக்குத்தான் பொருந்தும். நின்னு எரிஞ்சா பொருந்தாது. பெரும்பாலான வெப்கேம்ல சென்சார் படம் எடுக்கும்போதுதான் விளக்கு தொடர்ந்து எரியும். தங்கச்சி சொல்லுகது நின்னு எரிஞ்ச வெளிச்சம், அதுவும் மவுஸைத் தொட்டதும் அணைஞ்சது. போர்ட் உப்புப் பிடிச்சிருந்தா மவுஸைத் தொட்டதுக்கும் அதுக்கும் ஒரு சம்பந்தமும் இருக்காது. அந்த ஒரு வரியைத்தான் நான் திரும்பத் திரும்ப வாசிச்சிட்டு இருக்கேன்.

பத்மநாபபுரம்_கேமர்:

ரெண்டு விஷயம். ஒண்ணு, இப்ப வருக ஆன்லைன் ஷூட்டர் கேம்ல, ஏமாத்தி ஆடுகவங்களைப் பிடிக்கிற ஆன்டி-சீட் சாஃப்ட்வேர் விண்டோஸோட அடித்தளமான கெர்னல் வரைக்கும் இறங்கி ஓடுது. 2020-ல வந்த வாலரண்ட்டோட வேன்கார்டு பிசி ஆன் ஆகும்போதே ஏறிடும். அது கேமராவைத் திறந்து பாக்குமோ?

ரெண்டாவது, விண்டோஸ் ஹலோ முகம் காட்டித் திறக்கிற வசதி வச்சிருந்தா, ஸ்லீப்ல இருந்து எழும்பும்போது கேமரா தானா திறக்கும். எனக்க லேப்டாப்ல தெனமும் நடக்கும்.

வேளிமலை:

ஹலோவுக்கு இன்ஃப்ராரெட் கேமரா வேணும். தனியா வாங்குற சாதா வெப்கேம்ல பெரும்பாலும் அது கிடையாது. லேப்டாப்காரங்க இதை முதல்ல பாக்கலாம். லாக் ஸ்கிரீன் வரும்போது மட்டும் எரிஞ்சா சந்தேகமே வேண்டாம், அதுதான்.

ஆன்டி-சீட் மேல எல்லாருக்கும் ஒரு பயம் உண்டு, கெர்னல் வரைக்கும் போற எதையும் யோசிச்சுத்தான் ஏத்தணும். ஆனா அதோட வேலை மெமரியையும் டிரைவரையும் பாக்குறது. முகத்தைப் பாக்குறது இல்ல. இந்தக் கேஸ்ல பதிவு வரட்டும், அதுவரைக்கும் எந்தப் பேரையும் சொல்லாண்டாம்.

கேமிங் பிசியில விளக்கு எரியதுக்கு வழக்கமான காரணங்களைச் சொல்லிடுகேன், மத்தவங்களுக்கும் உதவும். ஸ்ட்ரீம் பண்ணுக சாஃப்ட்வேரான ஓபிஎஸ்ல ஒரு சீன்ல கேமராவைச் சேத்திருந்தா, அந்த சீன் திரையில இல்லேன்னாலும் கேமரா ஓடிட்டே இருக்கும். கேமரா சோர்ஸோட ப்ராப்பர்ட்டீஸ்ல "டீஆக்டிவேட் வென் நாட் ஷோயிங்"னு ஒரு டிக் உண்டு, அதைப் போட்டாத்தான் அணையும். கேமர்கள் பேசிக்கிற டிஸ்கார்டு ஆப்போட செட்டிங்ஸ்ல வீடியோ டெஸ்ட் அழுத்தினா திறக்கும். என்விடியா பிராட்காஸ்ட் மாதிரி, நிஜக் கேமராவை எடுத்து ஒரு போலிக் கேமராவா மாத்திக் கொடுக்கிற சாஃப்ட்வேர் இருந்தா குழப்பம் இன்னும் கூடும். மத்த ப்ரோக்ராம் கேட்டது போலிக் கேமராவை, எரியுகது நிஜக் கேமராவோட விளக்கு. பிரவுசர்ல எப்பவோ ஒரு சைட்டுக்கு "அலவ்" கொடுத்திருந்தா அதையும் பாக்கணும். கீபோர்டு, கேமரா கம்பெனிக்காரங்க தருக துணை சாஃப்ட்வேர்களும் உண்டு. இதெல்லாம் ஆள் உக்காந்து வேலை பாக்கும்போதோ, பிசி ஆன் ஆகும்போதோ நடக்கும். விடியக்காலம் ஆள் இல்லாத நேரத்துல நடக்கது வேற.

கோதையாறு:

ஒயரைப் பிடுங்கிட்டேன். பட்டியலும் பாத்தேன். டிஸ்கார்டு, ஓபிஎஸ், குரோம் இருக்கு. அதோட வெப்கேம் கூட வந்த சாஃப்ட்வேரும் இருக்கு. அது தெனமும் சாயங்காலம் பிசி ஆன் பண்ணுக நேரத்துலதான் வந்திருக்கு. தம்பிகிட்ட கேட்டேன், முகத்தை நடுவுல நிறுத்துக ஆட்டோ ஃப்ரேமிங் அதுலதான் ஆன் பண்ணி வச்சிருக்கானாம். ஸ்டார்ட்டப்ல இருந்து அதை எடுத்துட்டு, கேமராவை ஒரு தடவை மாட்டி ரீஸ்டார்ட் பண்ணிப் பாத்தோம். இப்ப விளக்கு மின்னல்ல.

ஆரல்காற்று:

அப்ப கதை முடிஞ்சுதே. சாஃப்ட்வேர்தான் காரணம். நல்லபடியா போச்சு.

கோதையாறு:

இல்ல அண்ணா, எனக்கு மனசு ஒப்பல்ல. சாயங்காலம் மின்னுனதுக்கு அது காரணம், சரி. அப்பா பாத்தது விடியக்காலம் 3:20 போல. அந்த நேரத்துக்கு நேரா அந்த சாஃப்ட்வேர் பேரு இல்ல. வேற ஒரு பேரு இருக்கு, பாத்தா கிராஃபிக்ஸ் கார்டு சம்பந்தப்பட்டது மாதிரி. முந்தின ராத்திரிகள்லயும் அதே பேருதான், ஒரு மணிக்கும் நாலு மணிக்கும் இடையில. தம்பி அது டிரைவரா இருக்கும்னு சொல்லுகான். கிராஃபிக்ஸ் டிரைவருக்குக் கேமரா எதுக்கு?

வேளிமலை:

நல்ல கேள்வி மக்ளே. கிராஃபிக்ஸ் டிரைவருக்குக் கேமராவால ஒரு ஆவசியமும் இல்ல. ஓவர்லே மாதிரி கூட வருக ரெக்கார்டிங் வசதி கேமராவைக் கேக்கலாம், ஆனா நீங்க ஸ்ட்ரீம் பண்ணும்போதுதான் கேக்கும்.

இப்ப அந்த ஃபைல் எங்க இருக்குன்னு பாக்கணும். ஸ்டார்ட்ல ரெஜெடிட்னு தட்டி ரெஜிஸ்ட்ரி எடிட்டரைத் திற. பாக்க மட்டும்தான், எதையும் மாத்தாத, டெலீட் பண்ணாத. கரன்ட் யூசர், சாஃப்ட்வேர், மைக்ரோசாஃப்ட், விண்டோஸ், கரன்ட் வெர்ஷன், கேப்பபிலிட்டி ஆக்சஸ் மேனேஜர், கன்சென்ட் ஸ்டோர், வெப்கேம், நான்பேக்கேஜ்ட். இந்த வரிசையில இறங்கு. மைக்ரோசாஃப்ட் ஸ்டோர்ல இருந்து வராத ப்ரோக்ராம் எல்லாம் அங்க தனித்தனி ஃபோல்டரா நிக்கும். ஃபோல்டர் பேருதான் அந்த ஃபைலோட முழு விலாசம். சாய்வுக்கோடு வரவேண்டிய இடத்துல எல்லாம் ஹேஷ் குறி இருக்கும், அவ்வளவுதான் வித்தியாசம்.

ஒவ்வொண்ணுக்குள்ளயும் ரெண்டு எண்ணு இருக்கும். ஒண்ணு கடைசியா திறந்த நேரம், இன்னொண்ணு மூடின நேரம். மூடின நேரம் பூஜ்யமா இருந்தா இந்த நிமிஷம் அது கேமராவைப் பிடிச்சிட்டு இருக்குன்னு அர்த்தம். எண்ணு ரொம்ப நீளமா இருக்கும், ஏன்னா 1601 ஜனவரி 1-ல இருந்து நொடியோட கோடியில ஒரு பங்கா எண்ணிட்டு வருது. எண்ணு மேல டபுள் கிளிக் பண்ணி டெசிமலுக்கு மாத்தி எழுதிக்க. கமாண்ட் ப்ராம்ப்ட்ல டபிள்யூ32டிஎம்னு போட்டு, இடம் விட்டு, சாய்வுக்கோடு என்டிடிஇ, மறுபடி இடம் விட்டு அந்த எண்ணு. தேதியும் நேரமும் வரும்.

டாஸ்க் மேனேஜரைப் பாத்துட்டு ஏமாறுகவங்க நிறைய. 2016-ல வந்த விண்டோஸ் 10 ஆனிவர்சரி அப்டேட்டுக்கு அப்புறம், கேமராவை நேரா எடுக்கது ஃப்ரேம் சர்வர்ங்கிற விண்டோஸ் சர்வீஸ். மத்த ப்ரோக்ராம் எல்லாம் அதுகிட்ட இருந்துதான் படத்தை வாங்கும். அதனால இன்னும் விவரமா காட்டுற ப்ராசஸ் எக்ஸ்ப்ளோரர்ல கேமராவைப் பிடிச்சிருக்கது யாருன்னு தேடினா எஸ்விசிஹோஸ்ட்னு ஒரு பேருதான் பதிலா வரும். "விண்டோஸ்தானே"ன்னு விட்டுடுவாங்க. பின்னால நிக்குற ஆளை இந்த கன்சென்ட் ஸ்டோர்தான் காட்டிக் கொடுக்கும்.

இந்தப் பட்டியலையும் முழுசா நம்பிடக் கூடாது. கெட்டிக்கார மால்வேர் இதைச் சுத்திப் போகவும் செய்யும். பேரு இருந்தா அது பலமான சாட்சி. பேரு இல்லேன்னா எல்லாம் சுத்தம்னு சொல்ல முடியாது.

கோதையாறு:

பாத்துட்டேன். டிஸ்கார்டு, ஓபிஎஸ் எல்லாம் அதது இருக்க வேண்டிய இடத்துல இருக்கு. அந்த கிராஃபிக்ஸ் பேரு மட்டும் தம்பிக்க யூசர் ஃபோல்டருக்குள்ள, ஆப்டேட்டா ரோமிங்ல, எழுத்தும் எண்ணுமா கலந்து பேரு வச்ச ஒரு ஃபோல்டர்ல கிடக்கு. கடைசியா மூடின நேரம் நான் மவுஸைத் தொட்ட நேரத்தோட சரியா ஒத்துப் போகுது.

கை நடுங்குது. என்ன செய்யணும்?

வேளிமலை:

லேன் ஒயரைக் கழத்து. வைஃபை இருந்தா அதையும் அணை. இப்பவே. பிசியை ஆஃப் பண்ணாண்டாம், நெட் மட்டும் போதும். நெட் இல்லாம அந்தப் பக்கம் இருக்கவனால ஒண்ணும் பாக்க முடியாது. பயப்படாத, நீ ஒவ்வொண்ணையும் சரியாத்தான் செஞ்சிட்டு வருக.

அந்த ஃபைலைத் திறக்காத. ரைட் கிளிக், ப்ராப்பர்ட்டீஸ். "டிஜிட்டல் சிக்னேச்சர்ஸ்"னு ஒரு டேப் இருக்கான்னு பாரு. உண்மையான கிராஃபிக்ஸ் டிரைவர் ஃபைல்ல கம்பெனி கையெழுத்து இருக்கும், அது ரோமிங் ஃபோல்டர்ல வந்து உக்காரவும் செய்யாது.

அப்புறம் டாஸ்க் ஷெட்யூலரை (விண்டோஸ் தானா ஓட்டுற வேலைகளோட பட்டியல்) திறந்து, அந்த ஃபைல் பேரை வச்சு எந்த வேலையாவது பதிவாயிருக்கான்னு பாரு. இருந்தா அதோட கண்டிஷன்ஸ் டேப்பையும் ட்ரிகர்ஸ் டேப்பையும் ஃபோட்டோ எடு. கடைசியா விண்டோஸ் செக்யூரிட்டியில வைரஸ் அண்ட் த்ரெட் ப்ரொடெக்ஷன், மேனேஜ் செட்டிங்ஸ், எக்ஸ்க்ளூஷன்ஸ். அங்க ஏதாவது எழுதியிருக்கான்னு சொல்லு.

கோதையாறு:

கையெழுத்து டேப்பே இல்ல.

டாஸ்க் ஷெட்யூலர்ல இருக்கு. அப்டேட்னு முடியுற பேரு. ட்ரிகர்ல "ஆன் ஐடில்". கண்டிஷன்ல "கம்ப்யூட்டர் ஐடில் நிலை முடிஞ்சா நிறுத்து"ங்கிற அர்த்தத்துல ஒரு டிக்.

எக்ஸ்க்ளூஷன்ஸ்ல சி டிரைவ் முழுசா இருக்கு. நாங்க யாரும் அதைப் போடல்ல.

வேளிமலை:

எல்லாம் சேர்ந்துட்டு. ஆள் தொடாம பிசி சும்மா கிடக்கும்போதுதான் அது எழும்பும். யாராவது மவுஸைத் தொட்டதும் விண்டோஸே அதை நிறுத்திடும். அதான் நீ தொட்டதும் விளக்கு அணைஞ்சது. ராத்திரி டவுன்லோட் போட்டுட்டு உறங்குகதுனால ஒவ்வொரு ராத்திரியும் அதுக்கு வேண்டிய நேரம் கிடைச்சிருக்கு. அப்பா எழும்புகது மத்த வீட்டுக்காரங்க உறங்குக நேரம், அதனாலதான் இது கண்ணுல பட்டுச்சு.

ஸ்கேன்ல ஒண்ணும் வராததுக்கும் காரணம் இதான். சி டிரைவைப் பாக்காதேன்னு டிஃபெண்டருக்கே உத்தரவு போட்டு வச்சிருக்கு. ஸ்கேன் சுத்தம்னு வந்தா உடனே எக்ஸ்க்ளூஷன்ஸைத் திறந்து பாருங்கன்னு இதை வாசிக்கிற எல்லார்கிட்டயும் சொல்லுகேன். அதைப் போட அட்மின் அனுமதி வேணும். அந்த அனுமதியை ஆரோ ஒருநாள் "யெஸ்" அழுத்திக் கொடுத்திருக்காங்க.

தம்பியைத் திட்டாம ஒண்ணு கேளு. கிராக் பண்ணின கேம், சீட், ட்ரெய்னர் (இந்த ரெண்டும் கேம்ல குறுக்கு வழியில ஜெயிக்க உதவுறது), மாட் (கேமை மாத்துற ஃபைல்), இதுல எதையாவது பாஸ்வேர்டு போட்ட ஜிப்பா இறக்கினானா?

கோதையாறு:

தம்பி பக்கத்துல உக்காந்துதான் இருக்கான். ஒரு சிங்கிள் ப்ளேயர் கேமுக்கு ட்ரெய்னர்னு ஒரு சாட் குரூப்ல லிங்க் வந்துச்சாம். ஜிப்புக்கு பாஸ்வேர்டு அதே மெசேஜ்ல இருந்ததாம். "ஆன்டிவைரஸ் தப்பா காட்டும், அணைச்சிட்டு ரன் பண்ணு"ன்னும் எழுதியிருந்ததாம். ட்ரெய்னர் நல்லா வேலையும் செஞ்சிருக்கு, அதனால அவனுக்குச் சந்தேகமே வரல்ல.

பத்மநாபபுரம்_கேமர்:

வேலை செய்யுகதுதான் அவங்க வேண்டியது. கேட்ட சாமானம் கிடைச்சிட்டா ஆரும் திரும்பிப் பாக்கமாட்டாங்க. ஜிப்புக்கு பாஸ்வேர்டு போடுகது, வழியில இருக்கிற ஸ்கேனர் எதாலயும் உள்ள பாக்க முடியாமப் போகணும்னுதான். அதே மெசேஜ்ல பாஸ்வேர்டையும் கொடுத்தா அது ரகசியத்துக்கு இல்ல, ஸ்கேனரை மறைக்கதுக்கு.

தம்பி ஒருத்தன் மட்டும் இல்ல, எங்க செட்ல எத்தனையோ பேர் இப்படித்தான் இறக்குவாங்க. இன்னைக்கே எல்லாருக்கும் இந்த இழையை அனுப்புகேன்.

தேன்கூடு:

நான் மார்த்தாண்டம், வேலை திருவனந்தபுரத்துல, டெஸ்டிங். இதுவரைக்கும் வாசிச்சிட்டு மட்டும் இருந்தேன். கோதையாறு, முதல்ல உங்ககிட்ட ஒண்ணு சொல்லணும். இதுல நீங்களோ அம்மாவோ வெக்கப்படவோ ஒளிக்கவோ ஒண்ணும் இல்ல. ஒருத்தன் பூட்டு உடைச்சு வீட்டுக்குள்ள வந்தா குத்தம் அவன்மேலதான். அம்மாகிட்ட இன்னைக்கே சொல்லிருங்க, வேற ஆரும் சொல்லித் தெரியாண்டாம்.

இது புதுசும் இல்ல. அடுத்தவங்க கம்ப்யூட்டரைத் தூரத்துல இருந்து ஓட்டுகதுக்கு பிளாக்ஷேட்ஸ்னு ஒரு மால்வேர் இருந்தது, 40 டாலருக்கு ஆர் வேணும்னாலும் வாங்கலாம். 2014 மே மாசம் எஃப்பிஐயும் பல நாட்டுப் போலீசும் சேர்ந்து அதை அடக்கினப்ப, 100-க்கு மேல நாடுகள்ல 5 லட்சத்துக்கு மேல கம்ப்யூட்டர்ல அது புகுந்திருந்ததா சொன்னாங்க. விலைக்கு வாங்கி எவனும் ஓட்டுற சாமானம்கிறதால, அந்தப் பக்கம் உக்காந்து ஓட்டுகவன் பெரிய கெட்டிக்காரனா இருக்கணும்னு இல்ல.

விளக்கு எரியாமலே படம் எடுக்க முடியுமான்னு ஆராவது கேப்பாங்க. 2013-ல ஜான்ஸ் ஹாப்கின்ஸ் பல்கலைக்கழக ஆராய்ச்சியாளர்கள், ஏறக்குறைய 2008 வரைக்கும் வந்த மேக்புக், ஐமேக் கேமராவுக்குள்ளயே இருக்கிற ப்ரோக்ராமை (ஃபர்ம்வேர்) மாத்தி, விளக்கு எரியாமலே படம் எடுத்துக் காட்டினாங்க. அதனால விளக்கு எரிஞ்சா நம்புங்க, எரியல்லேன்னா அதை மட்டும் வச்சு நிம்மதி அடையாதீங்க.

இப்ப பாஸ்வேர்டு. இந்த மாதிரி சாமானம் கேமராவோட நிக்காது. பிரவுசர்ல சேமிச்ச பாஸ்வேர்டு, லாகின் குக்கி (பாஸ்வேர்டு கேக்காம உள்ள விடுற அடையாளம்) எல்லாத்தையும் அள்ளியிருக்கும். அந்த பிசியில இருந்து ஒண்ணையும் மாத்தாதீங்க, புதுசையும் அது பாத்திடும். போன்ல இருந்து மாத்துங்க. முதல்ல ஈமெயில், ஏன்னா மத்த எல்லாத்துக்கும் சாவி அங்கதான். மாத்தினதும் "எல்லா டிவைஸ்லயும் சைன் அவுட்" கொடுங்க, பாஸ்வேர்டு மாத்தினா மட்டும் போதாது. அப்புறம் பேங்க், அப்புறம் டிஸ்கார்டு, ஸ்டீம். ஸ்டீம் கார்டு பக்கத்துல எல்லா டிவைஸுக்குமான அனுமதியை நீக்குற வசதி இருக்கு. ரெண்டு படி சரிபார்ப்பு எல்லாத்துலயும் போடுங்க.

கோதையாறு:

அம்மாகிட்ட சொன்னேன். கொஞ்சம் நேரம் ஒண்ணும் பேசல்ல. அப்புறம் "எவன்லே அவன், புடிச்சுக் குடுக்கணும்"னுதான் சொன்னாவ. அப்பாவும் அதையே சொல்லுகாவ.

பாஸ்வேர்டு எல்லாம் போன்ல மாத்திட்டோம். தம்பிக்க மெயில்ல, நமக்குத் தெரியாத ஒரு ஊர்ல இருந்து லாகின் ஆனதா காட்டுச்சு. அதையும் ஃபோட்டோ எடுத்து வச்சிருக்கோம்.

புகார் கொடுக்கணும்னா என்ன செய்யணும்? அதுக்கு முன்னாடி ஃபார்மட் பண்ணலாமா?

தேன்கூடு:

பண்ணாதீங்க. அந்த டிஸ்க்தான் உங்க சாட்சி.

சட்டம் தெளிவாத்தான் இருக்கு. அனுமதி இல்லாம கம்ப்யூட்டருக்குள்ள நுழையது தகவல் தொழில்நுட்பச் சட்டம் 2000-ல 43-வது பிரிவும் 66-வது பிரிவும் சேர்ந்து குத்தம், 3 வருஷம் வரைக்கும் சிறை, இல்லேன்னா 5 லட்சம் வரைக்கும் அபராதம், ரெண்டும் சேர்ந்தும் வரலாம். அந்தரங்க உறுப்புகளைச் சம்மதம் இல்லாமப் படம் எடுத்தா 66ஈ, அதுக்கும் 3 வருஷம் வரைக்கும், அபராதம் 2 லட்சம் வரைக்கும். பெண்ணை அந்தரங்கமான நேரத்துல ஒளிஞ்சு பாக்குறதும் படம் எடுக்குறதும் 2024 ஜூலை 1-ல இருந்து பாரதிய நியாய சன்ஹிதா 77-வது பிரிவுல வருது. முதல் தடவைக்கு 1-ல இருந்து 3 வருஷம், திரும்பச் செஞ்சா 3-ல இருந்து 7 வருஷம்.

தேசிய சைபர் குற்றப் புகார் தளத்துல ஆன்லைன்ல பதியலாம், பெண்கள், குழந்தைகள் சம்பந்தப்பட்ட குத்தத்துக்கு அதுல தனிப் பகுதி உண்டு. பணம் போயிருந்தா தாமதிக்காம 1930-க்கு அடிக்கணும். நேர்ல போகணும்னா நம்ம மாவட்டத்துக்குச் சைபர் க்ரைம் காவல் நிலையம் நாகர்கோவில்ல இருக்கு. ஃபோட்டோ எல்லாத்தையும் நேரப்படி அடுக்கி, அப்பா பாத்த நேரம், நீங்க தொட்ட நேரம், பட்டியல்ல இருந்த பேரு, தம்பிக்கு லிங்க் வந்த மெசேஜ் எல்லாத்தையும் ஒரே தாள்ல எழுதிக் கொண்டு போங்க. அந்த மெசேஜை அழிக்காதீங்க. கொடுத்த புகாருக்கு சிஎஸ்ஆர் ரசீது (புகாரை வாங்கிக்கிட்டதுக்குக் காவல் நிலையம் தருக சீட்டு) கேட்டு வாங்குங்க.

இனிமே "உன் வீடியோ என்கிட்ட இருக்கு, பணம் அனுப்பு"ன்னு மெயிலோ மெசேஜோ வந்தா, பதில் போடாதீங்க, பணம் அனுப்பாதீங்க, அதையும் புகாரோட சேருங்க. 2018-ல இருந்து இந்த மாதிரி மெயில் மொத்தம் மொத்தமா எல்லாருக்கும் வருது. எங்கயோ கசிஞ்ச பழைய பாஸ்வேர்டை அதுல எழுதிப் பயமுறுத்துவாங்க. பெரும்பாலும் அவங்ககிட்ட ஒண்ணுமே இருக்காது. உங்க விஷயத்துல உள்ளபடியே ஒருத்தன் நுழைஞ்சிருக்கான், அதனால வந்தா ஒதுக்கித் தள்ளாம எடுத்து வைங்க.

வேளிமலை:

டிஸ்கைப் பத்தி நான் சொல்லுகேன். பிசியை ஆஃப் பண்ணி எஸ்எஸ்டியைக் கழத்தி, ஒரு கவர்ல போட்டு தேதி எழுதி வையுங்க. அப்பாவுக்குப் பழக்கம் இல்லேன்னா பக்கத்துல நம்பிக்கையான கடையில கொடுங்க, கூடவே நின்னு வாங்குங்க. பிசிக்கு வேற எஸ்எஸ்டி போடுங்க. வேற ஆருக்காவது சுத்தமான கம்ப்யூட்டர் இருந்தா, அதுல மைக்ரோசாஃப்ட் தளத்துல இருந்து மீடியா கிரியேஷன் டூல் இறக்கி, 8 ஜிபி பென்டிரைவ்ல விண்டோஸ் ஏத்தி, அதை வச்சு புதுசா போடணும். உள்ள இருக்கிற "ரீசெட் திஸ் பிசி"யை நம்பாண்டாம், அதுவும் ஃபைலை வச்சுக்கன்னு கொடுத்தா ஒண்ணுக்கும் ஆகாது.

தம்பிக்கு கேம் சேவ் போகுமேன்னு வருத்தம் இருக்கும். ஸ்டீம் கிளவுட்ல நிறைய கேமுக்க சேவ் இருக்கும், திரும்ப வரும். பழைய டிஸ்க்ல இருந்து ஃபோட்டோ, பாடக் குறிப்பு மாதிரி உள்ளதை மட்டும் எடுங்க. ரன் ஆகுற எந்த ஃபைலையும், ஜிப்பையும் கொண்டு வராதீங்க.

புது விண்டோஸ்ல தம்பிக்கு அட்மின் இல்லாத கணக்கு போடு. அட்மின் பாஸ்வேர்டு உனக்கும் அப்பாவுக்கும் மட்டும் தெரிஞ்சா போதும்.

இன்னொண்ணும் செஞ்சிரு. ரெஜிஸ்ட்ரியில லோக்கல் மெஷின், சாஃப்ட்வேர், மைக்ரோசாஃப்ட், ஓஇஎம், டிவைஸ், கேப்ச்சர். அந்தக் கடைசி ஃபோல்டர் ரெண்டும் இல்லேன்னா நீயே உண்டாக்கிக்க. அதுக்குள்ள "நோ ஃபிசிக்கல் கேமரா எல்இடி"ங்கிற பேருல, இடைவெளி இல்லாம, ஒரு டிவேர்டு (எண்ணு வைக்கிற பதிவு) உண்டாக்கி மதிப்பு 1 கொடு. கேமரா திறக்கும்போதும் மூடும்போதும் திரையில ஒரு அறிவிப்பு வரும். விளக்கைப் பாக்காம கேம்ல மூழ்கிக் கிடந்தாலும் தெரியும்.

ஆரல்காற்று:

நான் சொன்ன மாதிரி அன்னைக்கே ஃபார்மட் அடிச்சிருந்தா இதுல ஒரு சாட்சியும் மிஞ்சியிருக்காது. வேளிமலை அண்ணன் எழுதினதை எடுத்து வச்சிருக்கேன், எங்க ஆரல்வாய்மொழிப் பசங்களுக்கும் சொல்லிட்டு இருக்கேன்.

ஒரு சந்தேகம். மத்த ப்ரோக்ராம் மேல நம்பிக்கை இல்லேன்னா, செட்டிங்ஸ்ல ஒவ்வொண்ணுக்கும் தனித்தனியா கேமராவை அணைக்க முடியுமா?

வேளிமலை:

ஸ்டோர்ல இருந்து வந்த ஆப்புக்கு ஒவ்வொண்ணா முடியும். டிஸ்கார்டு, ஓபிஎஸ் மாதிரி நேரா இறக்குற டெஸ்க்டாப் ப்ரோக்ராமுக்கு எல்லாம் சேர்த்து ஒரே சுவிட்ச்தான். அதை அணைச்சா எல்லாத்துக்கும் அணையும். தனியா தடுக்கணும்னா கேமரா காவல் வசதி உள்ள ஆன்டிவைரஸ் ஏதாவது வேணும். ஸ்ட்ரீம் பண்ணும்போது மட்டும் ஒயரைக் குத்துகது அதைவிட எளுப்பம்.

கோதையாறு:

நாகர்கோவில் போயிட்டு வந்தோம். அப்பா, நான், தம்பி மூணு பேரும். எழுதிக் கொண்டு போன தாள் ரொம்ப உதவிச்சு, ஒரே கேள்வியைத் திரும்பத் திரும்பக் கேக்கல்ல. சிஎஸ்ஆர் ரசீது வாங்கியாச்சு. எஸ்எஸ்டியைக் கேட்டாங்க, கவரோட கொடுத்துட்டோம், அதுக்கும் எழுதி வாங்கினோம். லிங்க் வந்த மெசேஜைத் தம்பிக்க போன்ல காட்டினான்.

வேற எஸ்எஸ்டியில விண்டோஸ் போட்டாச்சு. எக்ஸ்க்ளூஷன்ஸ் காலியா இருக்கு, பாத்தேன். பிசியை ஹாலுக்கு மாத்திட்டோம், டிவிக்க மேசையைத் தள்ளிப் போட்டு இடம் பண்ணியாச்சு. ராத்திரி டவுன்லோட் வேண்டாம்னு தம்பியே சொல்லிட்டான்.

வேளிமலை அண்ணனுக்கும் தேன்கூடு அக்காவுக்கும் எனக்க வீட்டுல எல்லாரும் நன்றி சொல்லச் சொன்னாவ. புகார்ல ஏதாவது முன்னேற்றம் இருந்தா இங்கயே எழுதுகேன்.

வள்ளியாறு:

இழை முழுசும் வாசிச்சேன். எனக்கு எம்எஸ்ஐ கேமிங் லேப்டாப், கேமரா உள்ளயே இருக்கு, பிடுங்க முடியாது. ஸ்டிக்கர் மட்டும்தான் வழியா?

வேளிமலை:

எம்எஸ்ஐ கேமிங் மாடல் நிறையதுல எஃப்என்-ஓட எஃப்6 சேர்த்து அழுத்தினா கேமரா அணையும், டிவைஸ் மேனேஜர்ல இருந்தே காணாமப் போயிடும். அழுத்திட்டு அங்க போய்ப் பாருங்க. லெனோவோ லீஜியன் வச்சிருக்கவங்க வலது ஓரத்துல ஒரு சின்ன சுவிட்ச் இருக்கான்னு பாருங்க, கேமராவை அணைக்கதுக்குத்தான். ரெண்டும் இல்லாத லேப்டாப்னா பயாஸ்ல (விண்டோஸ் ஏறதுக்கு முன்னாடி திறக்கிற அடிப்படை செட்டிங்ஸ்) கேமராவை அணைக்கிற வசதி இருக்கலாம், இல்லேன்னா ஸ்டிக்கர். மைக்கையும் சேத்துப் பாக்க மறக்காண்டாம்.